அம்மாவின் நினைவும் மாமாவின் நினைவும் முரண்படும்போது: குடும்ப ஆவணப்படம் குறித்து ஒரு கேள்வி

கேள்வி: கோத்தகிரி மகள்

அனைவருக்கும் வணக்கம். என் தாய்வழிக் குடும்பம் 1970களின் தொடக்கத்தில் இலங்கை மலையகத்திலிருந்து தாயகம் திரும்பியோராக வந்து நீலகிரியில் குடியேறியது. 1964 அக்டோபர் 30 அன்று கையெழுத்தான சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தம், இலங்கையில் வாழ்ந்த இந்திய வம்சாவளித் தமிழர்களில் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் என்று பிரித்ததும், எஞ்சிய 1,50,000 பேரை 1974இல் இரு நாடுகளும் சரிபாதியாகப் பங்கிட்டுக்கொண்டதும் இங்குள்ள பலருக்குத் தெரிந்திருக்கும். எங்கள் வீட்டில் அந்தப் பங்கீடு உடன்பிறந்தவர்களுக்கு இடையிலேயே நடந்தது. தாத்தா, பாட்டி, அம்மா, மாமா நால்வரும் இந்தியாவுக்கு எழுதப்பட்டார்கள். அதற்கு முன்பே திருமணமாகி வேறொரு தோட்டத்துக்குப் போயிருந்த பெரியம்மா, கணவர் வழியில் இலங்கைக் குடியுரிமை பெற்று அங்கேயே தங்கிவிட்டார். சில ஆண்டுகளுக்கு முன் அவர் காலமானார். பிரிந்த நாளுக்குப் பின் அக்கா தங்கை இருவரும் நேரில் பார்த்துக்கொள்ளவே இல்லை.

இதைச் சுமார் நாற்பது நிமிட ஆவணப்படமாக எடுக்க முயன்று வருகிறேன். கையில் இருப்பவை சொற்பம்: கண்டியிலிருந்த இந்தியத் தூதரக அலுவலகம் கொடுத்த குடும்ப அட்டையும் அதில் ஒட்டிய படமும், பெரியம்மா எழுதிய நீலநிற விமானக் கடிதங்கள், 1980களில் தாத்தா பேசிப் பதிவுசெய்த ஓர் ஒலிநாடா. பயணத்தைக் காட்டும் ஒரு படம்கூட இல்லை.

என் சிக்கல்கள் மூன்று. முதலாவது, பிரிந்த நாளைப் பற்றி அம்மா சொல்வதும் மாமா சொல்வதும் ஒத்துப்போகவில்லை. பெரியம்மா ஹட்டன் ரயில் நிலையத்திலேயே விடைபெற்றுக்கொண்டார், மேடையில் நின்றபடி ஒரு சொல்கூடப் பேசவில்லை என்பது அம்மாவின் நினைவு. பெரியம்மா தலைமன்னார் வரை கூடவே வந்தார், ராமேஸ்வரம் செல்லும் ராமானுஜம் கப்பலில் ஏறுவதற்கு முன் தன் கையில் பிஸ்கட் பொட்டலம் ஒன்றைத் திணித்தார் என்று மாமா உறுதியாகச் சொல்கிறார். அப்போது அம்மாவுக்குப் பதினாறு வயது, மாமாவுக்குப் பத்து. எதைப் படத்தில் வைப்பது?

இரண்டாவது, அம்மாவுக்கு அண்மைக்காலமாக மறதி கூடிவருகிறது. குடும்ப அட்டையைக் கையில் கொடுத்துப் பேச வைத்தபோது, என்னைப் பெரியம்மாவின் பெயர் சொல்லி அழைத்து, "நீ ஏன் இந்தப் படத்துல இல்ல?" என்று கேட்டார். அது கேமராவில் பதிவாகிவிட்டது. படத்திலேயே மிக வலுவான இடம் அதுதான் என்று எனக்குத் தோன்றுகிறது. அண்ணனோ, அம்மாவின் நோயை ஊருக்குக் காட்டக் கூடாது, அழித்துவிடு என்கிறார். மூன்றாவது, பயணத்தை நடிகர்களை வைத்து எடுத்து, பழைய கறுப்பு வெள்ளைப் படம்போல மாற்றிவிடலாம் என்று நண்பர் ஒருவர் யோசனை சொல்கிறார். இத்தகைய படங்களை எடுத்தவர்கள், தொகுத்தவர்கள் வழிகாட்ட வேண்டுகிறேன்.

மறுமொழி 1: படத்தொகுப்பாளர், மதுரை

வணக்கம் அம்மா. முதல் கேள்விக்கு என் விடை: இரண்டையும் வையுங்கள். ஆனால் அதற்கு முன்பு ஒரு வேலை இருக்கிறது. சரிபார்க்கக் கூடிய செய்தி எது, சரிபார்க்க முடியாத நினைவு எது என்று பிரித்துக்கொள்ளுங்கள். எந்தத் தேதியில் கப்பலேறினார்கள், திரும்பி வந்தவர்களை முதலில் தங்கவைத்த மண்டபம் முகாமில் எத்தனை நாள் இருந்தார்கள், எந்தத் தோட்டத்துக்கு அனுப்பப்பட்டார்கள் என்பதற்கெல்லாம் தாளும் முத்திரையும் இருக்கலாம். அவற்றில் அம்மாவோ மாமாவோ தவறாகச் சொன்னால் படம் பார்ப்பவருக்குச் சரியான செய்தியைக் கொடுத்துவிட வேண்டும். பெரியம்மா எங்கே நின்றார் என்பதற்குத் தாள் இருக்கப் போவதில்லை. பத்து வயதுப் பையனுக்கு அக்கா கடைசிவரை கூட வந்ததாக நிலைத்திருப்பதும், பதினாறு வயதுப் பெண்ணுக்கு அக்கா பேசாமல் நின்றது மட்டுமே நிலைத்திருப்பதும் அவரவர் அந்தப் பிரிவை எப்படித் தாங்கினார்கள் என்பதைச் சொல்கின்றன. உங்கள் படத்தின் பொருளே அதுதான் என்று நான் நினைக்கிறேன். கனடாவின் சாரா பாலி, தன் தாயைப் பற்றி 2012இல் எடுத்த "ஸ்டோரீஸ் வீ டெல்" படத்தில் தந்தையையும் உடன்பிறந்தவர்களையும் தாயின் நண்பர்களையும் உட்காரவைத்து ஒரே கதையைத் தனித்தனியே சொல்லச் சொன்னார். அவர்கள் ஒருவரையொருவர் மறுக்கும் இடங்களில்தான் அந்தத் தாய் யார் என்று நமக்குத் தெரியவருகிறது.

எடுக்கும் முறை முக்கியம். அம்மாவையும் மாமாவையும் முதலில் தனித்தனியாகப் பதிவுசெய்யுங்கள். ஒருவர் சொன்னதை மற்றவரிடம் அதுவரை சொல்லாதீர்கள். சொல்லிவிட்டால் மாமாவின் பிஸ்கட் பொட்டலம் அடுத்த வாரமே அம்மாவின் நினைவிலும் வந்து உட்கார்ந்துவிடும். பிறகு அதைப் பிரித்தெடுக்க யாராலும் ஆகாது. இரண்டும் முடிந்த பிறகு இருவரையும் ஒரே சட்டகத்தில் உட்காரவைத்துப் பேசவிடுங்கள். கேள்வி கேட்கும் உங்கள் குரலுக்கும் ஒரு மைக் இருக்கட்டும். மகள் கேட்பதால்தான் அம்மா அப்படிச் சொல்கிறார். அந்தக் கேள்வியை வெட்டி எறிந்துவிட்டு விடையை மட்டும் வைத்தால், அவர் யாரிடம் பேசுகிறார் என்பதே படத்திலிருந்து போய்விடும்.

மறதி உள்ளவரிடம் "அந்தக் காலத்தைப் பற்றிச் சொல்லுங்கள்" என்று பொதுவாகக் கேட்டால் அவர் தடுமாறிப்போவார். கையில் ஒரு பொருளைக் கொடுங்கள். தேயிலைக் கொழுந்துக் கூடையைக் கொடுத்து, அதன் கயிற்றைத் தலையில் எப்படி மாட்டுவது என்று உங்களுக்குக் கற்றுக்கொடுக்கச் சொல்லுங்கள். இரண்டு இலையும் ஒரு மொட்டுமாகக் கிள்ளும் விரல்கள், பேச்சு வராத நாளிலும் அந்த வேலையை மறக்காமல் செய்யும். பாட்டும் அப்படித்தான், பேச்சு போன பிறகும் பலரிடம் தங்கியிருக்கும். காலை வேளையில், அவர் தெளிவாக இருக்கும்போது, சிறிது நேரம் மட்டும் எடுங்கள். ஒரே கதையைப் பலமுறை சொல்வார். ஒவ்வொரு முறையும் ஏதோ ஒன்று கூடும், ஏதோ ஒன்று விட்டுப்போகும். எல்லாவற்றையும் தேதியிட்டு வைத்துக்கொள்ளுங்கள். பெரும்பாலோர் "ஏற்கனவே எடுத்தாயிற்று" என்று கேமராவை மூடிவிடுகிறார்கள், அங்கேதான் பொருள் தொலைகிறது.

ஒலிக்கு நீங்கள் இதுவரை கொடுத்ததைவிட அதிகக் கவனம் கொடுங்கள். படம் கொஞ்சம் இருட்டாக இருந்தாலும் பார்ப்பவர் பொறுத்துக்கொள்வார், பேச்சு புரியாவிட்டால் எழுந்து போய்விடுவார். மின்விசிறியையும் குளிர்பதனப் பெட்டியையும் நிறுத்திவிட்டுப் பேசவையுங்கள். சட்டைமைக்கைச் சேலை மடிப்புக்குள் குத்தினால் துணி உரசும் சத்தம் ஒவ்வொரு அசைவிலும் வரும். ரவிக்கையின் விளிம்பில், மருத்துவ ஒட்டுநாடாவில் சுற்றிப் பொருத்துங்கள். ஒவ்வொரு இடத்திலும் யாரும் பேசாமல் ஒரு நிமிட அறை ஒலியைப் பதிந்துகொள்ளுங்கள். கோத்தகிரி மழை தகரத்தில் விழும் ஒலியை மழைக்காலத்திலேயே எடுத்து வையுங்கள், பிறகு எந்த ஒலித்தொகுப்பில் தேடினாலும் உங்கள் வீட்டு மழை கிடைக்காது.

எழுத்தில் இறக்கும்போது அம்மா "கோச்சி" என்றால் "கோச்சி" என்றே எழுதுங்கள், "ரயில்" என்று திருத்த வேண்டாம்.

மறுமொழி 2: ஆவணக்காப்பாளர், திருச்சி

மேலே சொன்னவற்றோடு உடன்படுகிறேன். பொருள்களைப் பற்றி மட்டும் சேர்க்கிறேன், ஏனென்றால் படம் முடியும் முன் இவை அழிந்துபோன குடும்பங்களை நான் அறிவேன்.

அந்த ஒலிநாடாவை உடனே போட்டுக் கேட்டுவிடாதீர்கள். நீலகிரி ஈரத்தில் நாடாவின் மேல் வெள்ளைப் பொடிபோலப் பூஞ்சை படிந்திருக்கலாம். அப்படி இருக்கும்போது ஓடவிட்டால் பூஞ்சை ஒலிப்பான் தலையில் ஒட்டிக்கொண்டு மற்ற நாடாக்களுக்கும் பரவும், நாடாவும் கீறப்படும். பெட்டியின் கண்ணாடிச் சாளரத்தில் வெளிச்சம் அடித்துப் பாருங்கள். பூஞ்சை தெரிந்தால் உறையில் தனியாக வைத்து, பழகிய கையிடம் கொடுங்கள். சுத்தமாக இருந்தால், தலைகளை ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலால் துடைத்த நல்ல ஓடுகருவியில், ஒரே ஓட்டத்தில், 24 பிட், 96 கிலோஹெர்ட்ஸில் கணினியில் இறக்குங்கள். இரைச்சலை நீக்கும் மென்பொருளை மூலக் கோப்பின்மீது ஒருபோதும் ஓட்டாதீர்கள், நகலில் செய்யுங்கள். தாத்தா மூச்சு விடுவதையும் பின்னால் யாரோ பாத்திரம் கழுவுவதையும் அந்த மென்பொருள் இரைச்சல் என்றே கருதும்.

அந்தக் குரலைக் குறைத்து மதிப்பிடாதீர்கள். 1965இல் இந்தியாவிலிருந்து இங்கிலாந்துக்குப் போன மருத்துவர் ஒருவர், சூப்பர் 8 கேமரா, படம்காட்டும் கருவி, ஒலிப்பதிவுக் கருவி ஆகியவற்றை இரண்டிரண்டாக வாங்கி, ஒரு தொகுதியை இந்தியாவிலிருந்த குடும்பத்துக்கு அனுப்பினார். கடிதங்களுக்குப் பதிலாகப் படமும் ஒலியும் பல்லாண்டுகள் போய்வந்தன. அவர் மகள் சந்தியா சூரி அவற்றைக் கொண்டுதான் 2005இல் "ஐ ஃபார் இந்தியா" படத்தை எடுத்தார். நம் ஊரிலும் வளைகுடாவுக்குப் போனவர்கள் ஒலிநாடாவில் பேசி அனுப்பிய வழக்கம் இருந்தது, அவற்றில் பெரும்பகுதி மேலேயே சினிமாப் பாட்டுப் பதிந்து அழிக்கப்பட்டுவிட்டது. உங்கள் தாத்தாவின் நாடா பிழைத்திருப்பதே பெரிய பேறு.

குடும்ப அட்டையின் படம் சிறியதாகத்தான் இருக்கும். 35 மில்லிமீட்டர் அகலமுள்ள படத்தை 2400 டிபிஐயில் (அங்குலத்துக்கு 2400 புள்ளிகள்) வருடினால், அதாவது ஸ்கேன் செய்தால், ஏறத்தாழ 3,300 புள்ளிகள் கிடைக்கும். 4கே சட்டகத்தின் அகலம் 3,840. ஆகவே அதற்கும் குறைவாக வருடினால், முகங்களின்மேல் மெல்ல நகரும் காட்சியைப் பிறகு அமைக்க முடியாது. அட்டையிலிருந்து படத்தை உரிக்க வேண்டாம். முத்திரை படத்தின்மேலும் அட்டையின்மேலும் சேர்ந்து விழுந்திருக்கும், அந்தச் சேர்க்கையே ஒரு சான்று. பின்பக்கத்தையும் வெற்றுப் பக்கங்களையும்கூட வருடுங்கள்.

உரிமைகளைப் பற்றிச் சுருக்கமாக. கடிதத்தின் தாள் பெற்றவருக்குச் சொந்தம், அதிலுள்ள எழுத்தின் பதிப்புரிமை எழுதியவருக்கும் அவருக்குப் பின் வாரிசுகளுக்கும் உரியது. எனவே பெரியம்மாவின் கடிதங்களைப் படிக்கவோ காட்டவோ அவருடைய பிள்ளைகளின் எழுத்துமூல இசைவு வேண்டும். பணம் கொடுத்து ஸ்டூடியோவில் எடுத்த படங்களுக்கு, வேறு ஒப்பந்தம் இல்லாதபோது, எடுக்கச் சொன்னவரே முதல் உரிமையாளர் என்று 1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம் சொல்கிறது. தாத்தாவின் நாடாவில் பின்னணியாக வானொலிப் பாட்டு ஏதேனும் ஒலிக்கிறதா என்று கவனியுங்கள். ஒலிப்பதிவின் உரிமை வெளியாகி 60 ஆண்டுகளில் முடிந்துவிடும். ஆனால் பாடலாசிரியர், இசையமைப்பாளர் உரிமைகள் அவர்கள் மறைந்து 60 ஆண்டுகள்வரை நீடிக்கும். திருமண வீடியோக்களில் ஒலி முழுவதையும் அழித்துப் பாட்டை ஏற்றியிருப்பதால் குடும்பப் படம் எடுப்பவர்கள் இங்கேதான் அகப்பட்டுக்கொள்கிறார்கள்.

மறுமொழி 3: மலையகத்தான், ஹட்டன்

சகோதரிக்கு வணக்கம். உங்கள் கேள்வியை அங்கே நின்றுவிட்டவர்களின் பிள்ளை என்ற நிலையிலிருந்து படித்தேன். மனத்தில் பட்டதை மறைக்காமல் சொல்கிறேன்.

இந்தியாவிலிருந்து எடுக்கப்படும் இத்தகைய படங்களில் அங்கே தங்கியவர்கள் ரயில் மேடையில் நின்ற உருவமாகவே முடிந்துவிடுகிறார்கள். உங்கள் பெரியம்மா அந்த மேடையிலிருந்து இறங்கி லயத்துக்கு, அதாவது தோட்டத் தொழிலாளர் வரிசை வீட்டுக்குத் திரும்பி, மறுநாள் பெரட்டுக்கு, அதாவது காலை வேலைக் கணக்கெடுப்புக்குப் போய்ப் பேர் போட்டிருப்பார். 1977, 1981, 1983 ஆண்டுகளின் கலவரங்கள் மலையகத்தையும் தொட்டன; நாடற்றவர்களாக எஞ்சியிருந்தவர்களுக்கு 2003ஆம் ஆண்டுச் சட்டத்தில்தான் குடியுரிமை கிடைத்தது. இவ்வளவுக்கும் நடுவில் அவர் பிள்ளைகளை வளர்த்து, உங்கள் அம்மாவுக்குக் கடிதமும் எழுதியிருக்கிறார். படத்தில் அவர் "பிரிந்துபோன அக்கா" என்ற அளவில் மட்டும் நின்றுவிட்டால் அது பாதிக் கதைகூட ஆகாது. எங்கள் ஊரில் அந்த ரயிலை "அழுகைக் கோச்சி" என்றார்கள். ஏறியவர்களும் அழுதார்கள், ஏற்றிவிட்டவர்களும் அழுதார்கள்.

ஆகவே உங்கள் முதல் கேள்வியில் ஒரு திருத்தம் சொல்வேன். அம்மா, மாமா என்று நினைவு இரண்டுதான் இருப்பதாக எழுதியிருக்கிறீர்கள். மூன்றாவதும் இருக்கும். பெரியம்மா தன் பிள்ளைகளிடம் அந்த நாளைப் பற்றி என்ன சொல்லிவைத்தார் என்று கேட்டீர்களா? மதுரை நண்பர் இந்த இடத்தைத் தொடவே இல்லை என்பது எனக்கு வருத்தம்தான்.

கடிதங்களைப் பொறுத்தவரை சட்ட இசைவு மட்டும் போதாது. தங்கைக்கு எழுதிய கடிதத்தில் கணவரைப் பற்றியும் கடனைப் பற்றியும் மாமியாரைப் பற்றியும் எழுதியிருக்கக்கூடும். அவர் பிள்ளைகள் அங்கேயே அதே மனிதர்களோடு வாழ்கிறார்கள். எந்தக் கடிதத்தின் எந்த வரி என்று காட்டி, படித்துப்பார்க்க நேரம் கொடுத்து, அதன்பின் கேளுங்கள்.

கேள்வி கேட்டவர்: கோத்தகிரி மகள்

மூவருக்கும் மனமார்ந்த நன்றி. ஹட்டன் அண்ணன் சொன்னது என்னை உலுக்கிவிட்டது. நேற்று பெரியம்மாவின் மூத்த மகளோடு வாட்ஸ்அப்பில் நெடுநேரம் பேசினேன். தன் தாய் கொழும்புக் கோட்டை நிலையம் வரை வந்து, அங்கே தலைமன்னார் ரயில் புறப்படும்வரை நின்றதாகவே சொல்லி வந்தார் என்கிறார் அக்கா. ஆக இப்போது மூன்று இடங்கள். தன் தாயின் கடிதங்களைத் தானே உரக்கப் படித்துப் பதிவுசெய்து தருவதாகவும், எதைப் படிப்பது எதை விடுவது என்பதைத் தானே முடிவுசெய்வதாகவும் சொன்னார். நான் உடனே ஒப்புக்கொண்டேன்.

இப்போது மீதி இருப்பவை இரண்டு: அம்மா என்னைப் பெயர் மாற்றி அழைத்த காட்சி, நடிகர்களை வைத்துப் பயணத்தை எடுப்பது.

மறுமொழி 4: படத்தொகுப்பாளர், மதுரை

ஹட்டன் நண்பர் சொன்னது மிகச் சரி, நான் அதைக் கேட்டிருக்க வேண்டும் என்பதை அவர் மறுமொழியே காட்டிவிட்டது. மூன்று இடங்களையும் மூவர் குரலிலும் அப்படியே அடுத்தடுத்து வையுங்கள். ஹட்டன், கோட்டை, தலைமன்னார் என்று ஒரே பாதையின் மூன்று நிலையங்களாகவே அவை அமைந்துவிட்டன. பார்ப்பவருக்கு எது உண்மை என்று நீங்கள் தீர்ப்புச் சொல்ல வேண்டாம்.

நடிகர்கள் வேண்டாம் என்பது என் கருத்து. சாரா பாலியின் படத்தில் பழைய வீட்டுப்படங்களோடு நடிகர்களை வைத்து எடுத்தவையும் கலந்திருக்கின்றன. ஆனால் அதைப் படமே பிற்பகுதியில் வெளிப்படையாகக் காட்டிவிடுகிறது. குடும்பக் கதை எப்படிக் கட்டப்படுகிறது என்பதே அவர் படத்தின் பொருள் என்பதால் அங்கே அது பொருந்தியது. உங்கள் பொருள் வேறு. ராமானுஜம் கப்பலின் தளத்தில் யாரையோ நிறுத்திக் கறுப்பு வெள்ளையாக்கினால், நாளை அதை வரலாற்றுப் படம் என்று எவரேனும் எடுத்துப் போடுவார்கள், அந்த மக்களுக்கு ஏற்கனவே படங்கள் குறைவு. கம்போடியாவின் ரிதி பான், கெமர் ரூஜ் ஆட்சியில் தன் குடும்பத்தை இழந்ததைச் சொல்ல 2013இல் எடுத்த "தி மிஸ்ஸிங் பிக்சர்" படத்தில், இல்லாத காட்சிகளுக்குக் களிமண் பொம்மைகளைச் செய்துவைத்தார். அது பொம்மை என்று பார்ப்பவருக்கு ஒவ்வொரு நொடியும் தெரியும், அதனால் அதில் ஏமாற்று இல்லை. நீங்களும் பொம்மை செய்ய வேண்டும் என்பதில்லை. மாமாவை ராமேஸ்வரம் கடற்கரைக்கு அழைத்துப் போய், எந்தத் திசையிலிருந்து வந்தோம் என்று காட்டச் சொல்லுங்கள். மண்டபம் முகாமின் வாசலில் நின்று பேசவையுங்கள். படத்துக்கு இன்றைய கடல் போதும்.

அம்மாவின் காட்சிக்கு வருகிறேன். அழிக்காதீர்கள், ஆனால் படத்தில் வைப்பதா என்பதை இன்றே முடிவுசெய்யவும் வேண்டாம். அமெரிக்க இயக்குநர் ஆலன் பெர்லினர், அல்சைமர் நோயுற்ற தன் உறவினரும் கவிஞருமான எட்வின் ஹோனிக்கைப் பல ஆண்டுகள் தொடர்ந்து படம்பிடித்து, 2012இல் வெளியிட்டார். வெவ்வேறு கட்டங்களில் எடுத்தவற்றைக் காலவரிசையில் அடுக்காமல் கலந்து வைத்ததால், நோயாளியாக மட்டும் அவர் நம் மனத்தில் தங்கவில்லை. உங்கள் படத்திலும் அம்மாவைப் பார்ப்பவர் முதலில் தெளிவாக, கறாராக, கூடைக் கயிறு கட்டக் கற்றுக்கொடுப்பவராக அறிய வேண்டும். அதற்குப் பிறகு வந்தால் "நீ ஏன் இந்தப் படத்துல இல்ல?" என்ற கேள்வி, குடும்பத்தை இரண்டாகப் பிரித்த அட்டையை நோக்கிக் கேட்ட கேள்வியாக ஒலிக்கும். முதல் ஐந்து நிமிடத்தில் வந்தால் உங்கள் அண்ணன் அஞ்சுவது போலவே அது நோயின் காட்சியாகிவிடும்.

இசைவை ஒருமுறை வாங்கிக் கோப்பில் போட்டுவிட முடியாத நிலை உங்களுடையது. அம்மா தெளிவாக இருக்கும் நாள்களில் அந்தக் காட்சியைக் காட்டிக் கேளுங்கள்; ஒவ்வொரு முறையும் கேளுங்கள்; முகம் சுருங்கினால் அதையே மறுப்பாக எடுத்துக்கொள்ளுங்கள். முதல் முழுத்தொகுப்பு தயாரானதும் அண்ணனுக்கும் பெரியம்மாவின் மூத்த மகளுக்கும் காட்டுங்கள், வெளியார் எவரும் பார்ப்பதற்கு முன்பு. அப்போதும் அண்ணன் வேண்டாம் என்றால் ஒலியை மட்டும் வைத்து, படத்துக்குக் குடும்ப அட்டையைக் காட்டலாம். அம்மாவின் முகம் அண்ணன் விரும்பியபடியே காக்கப்படும், கேள்வியும் படத்தில் இருக்கும்.

பெரியம்மாவின் மகள் கடிதம் படிக்கும்போது காணொளி அழைப்பின் ஒலியை நம்ப வேண்டாம், அது சுருக்கப்பட்டே வந்து சேரும். அவர் பக்கத்தில் இன்னொரு கைப்பேசியை வாய்க்கு ஒரு சாண் தள்ளி வைத்து, விமானப் பயண நிலைக்கு மாற்றித் தனியாகப் பதியச் சொல்லுங்கள். தொடங்கும்போது இரு முனையிலும் ஒருமுறை கைதட்டிவிட்டால் தொகுக்கும்போது ஒலியையும் படத்தையும் பொருத்துவது எளிது. கோப்பை வாட்ஸ்அப்பில் ஒலிச்செய்தியாக அனுப்பாமல் ஆவணமாக இணைத்து அனுப்பச் சொல்லுங்கள்.